காணாமல் ஆக்கப்பட்டோர்: என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

வன்னியில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் குடும்பங்களுக்கு மனு எழுதிக் கொடுப்பது, படிவம் நிரப்புவது, சிங்களத்தில் வரும் கடிதத்தை வாசித்துச் சொல்வது என்று சில வருடங்களாக அவர்களோடு நிற்கிறேன். வெளிநாட்டிலிருந்து லீவில் வரும் பிள்ளைகள், தமிழ்நாட்டு மாணவர்கள், கொழும்பு நண்பர்கள், பக்கத்து வீட்டுக்காரர், சிலவேளை அந்த அம்மாமாரே என்று பலரும் கேட்பது ஏறக்குறைய இதே கேள்விகளைத்தான். கேட்டவர்களின் வாயில் வந்தபடியே கேள்விகளைப் போட்டிருக்கிறேன். பதில்கள் என்னுடையவை.

"காணாமல் போனவர் எண்டு சொன்னால் போதாதா? ஏன் 'ஆக்கப்பட்டவர்' எண்டு இழுக்கிறீங்கள்?"

மீன்பிடிக்கப் போன வள்ளம் கவிழ்ந்து ஒருவர் கரை திரும்பவில்லை என்றால் அவர் காணாமல் போனவர். செல்லடிக்குள் ஓடும்போது சனத்துக்குள் பிரிந்து, அதற்குப் பிறகு சேதி இல்லாதவரையும் அப்படிச் சொல்லலாம். சுற்றிவளைப்பில் தலையாட்டிக்கு (முகத்தை மூடிக்கொண்டு ஆளை அடையாளம் காட்டுபவருக்கு) முன்னால் நிறுத்திப் பிடித்துக்கொண்டு போனவரையும், வெள்ளை வானில் ஏற்றப்பட்டவரையும், போர் முடிந்த 2009 மே மாதம் முல்லைத்தீவின் வட்டுவாகல் பக்கத்தில் மனைவி பார்த்துக்கொண்டிருக்க பஸ்ஸில் ஏற்றப்பட்டவரையும் அப்படிச் சொல்ல முடியாது. "போதல்" தானாக நடக்கும். "ஆக்கப்படுதல்" என்றால் ஆக்கியவர் ஒருவர் இருந்தே ஆகவேண்டும். தமிழ் இலக்கணமே வழக்கில் பாதியைச் சொல்லிவிடுகிறது.

ஐ.நா. பொதுச்சபை 2006இல் ஏற்றுக்கொண்ட சர்வதேச உடன்படிக்கை மூன்று விஷயங்களைக் கேட்கிறது. ஒருவருடைய சுதந்திரம் பறிக்கப்பட்டிருக்க வேண்டும். அதை அரசின் ஆட்களோ, அரசின் அனுமதியோடு அல்லது கண்டும் காணாத போக்கோடு இயங்கியவர்களோ செய்திருக்க வேண்டும். பிறகு "எங்களிடம் இல்லை" என்று மறுத்திருக்க வேண்டும், அல்லது இருக்கும் இடத்தை மறைத்திருக்க வேண்டும். குடும்பத்தை வருடக்கணக்கில் தின்பது இந்த மூன்றாவது விஷயம்தான். இலங்கை 2016இல் இந்த உடன்படிக்கையை உறுதிசெய்தது. 2018ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டத்தின் மூலம் வலிந்து காணாமல் ஆக்குதல் நாட்டுச் சட்டத்திலும் குற்றமானது.

"மொத்தம் எத்தனை பேர்? ஆளுக்கொரு கணக்குச் சொல்றாங்களே?"

ஒவ்வொரு கணக்கும் வேறுவேறு காலத்தையும் வேறுவேறு மக்களையும் எண்ணியது. அதனால்தான் ஒத்துவருவதில்லை. 1994இல் சந்திரிகா அரசு அமைத்த மூன்று பிராந்திய ஆணைக்குழுக்கள் 16,000க்கும் மேற்பட்டவர்கள் காணாமல் ஆக்கப்பட்டதை உறுதிசெய்தன. அவர்களில் பெரும்பகுதி 1987–90 காலத்துத் தெற்கு இளைஞர்கள். ஐசிஆர்சி என்று நாங்கள் சொல்லும் செஞ்சிலுவைச் சர்வதேசக் குழுவிடம் 16,000க்கும் மேற்பட்ட பதிவுகள் இருக்கின்றன. 2013இல் அமைக்கப்பட்ட பரணகம ஆணைக்குழுவுக்கு 21,000க்கும் மேல் முறைப்பாடுகள் வந்தன, அவற்றில் சுமார் 5,000 படையினரின் குடும்பங்கள் கொடுத்தவை. எண்பதுகளின் பிற்பகுதியிலிருந்து கணக்கிட்டால் 60,000 முதல் 100,000 வரை இருக்கலாம் என்பது அம்னெஸ்டி இன்டர்நஷனலின் மதிப்பீடு.

ஒரே பிள்ளைக்காக ஒரு தாய் ஐந்து இடத்தில் பதிந்திருப்பார். குடும்பத்தோடு அழிந்துபோனவர்களைப் பதிய ஆளே இல்லை. ஆகவே ஒரு எண்ணைப் பிடித்துக்கொண்டு சண்டை போடாதீர்கள். யாருடைய கணக்கை எடுத்தாலும் உலகத்தில் மிக அதிகமாகக் காணாமல் ஆக்கப்பட்டோர் உள்ள நாடுகளின் வரிசையில் இலங்கை நிற்கிறது.

"இது தமிழருக்கு மட்டும் நடந்த விஷயம்தானே?"

இல்லை. இதைத் தெரிந்துகொள்ளாமல் மற்ற எதையும் விளங்கிக்கொள்ள முடியாது என்று நினைக்கிறேன். ஜேவிபி என்ற தெற்குச் சிங்கள இடதுசாரி இயக்கத்தின் இரண்டாவது கிளர்ச்சியை அடக்கிய 1987–90 காலத்தில் பல்லாயிரம் சிங்கள இளைஞர்கள் கொண்டுபோகப்பட்டார்கள். எம்பிலிப்பிட்டியவில் பள்ளிக்கூடப் பிள்ளைகளையே பிடித்தார்கள். சீதுவைக்குப் பக்கத்தில் ரத்தொலுவையில் ஒரு நினைவுச்சின்னம் இருக்கிறது. ஒவ்வொரு ஒக்டோபர் 27ஆம் திகதியும் சிங்களத் தாய்மார் படங்களோடு அங்கே வருகிறார்கள். எங்கள் அம்மாமார் கையில் பிடிக்கும் அதே மாதிரி லமினேட் பண்ணிய படங்கள்.

பத்திரிகையாளர் பிரகீத் எக்னெலிகொட 2010 ஜனவரி 24ஆம் திகதி காணாமல் ஆக்கப்பட்டார். அவருடைய மனைவி சந்தியா இன்றுவரை நீதிமன்றப் படி ஏறுகிறார், வடக்குக்கு வந்து எங்கள் தாய்மாரோடும் இருந்திருக்கிறார். கிழக்கில் 1990 செப்டெம்பரில் வந்தாறுமூலைப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சம் புகுந்திருந்த 158 தமிழர்களை இராணுவம் கொண்டுபோனது. கொழும்பில் 2008–09இல் கடற்படையினர் கப்பத்துக்காகக் கடத்தியதாக வழக்குத் தொடரப்பட்ட பதினொரு இளைஞர்களில் தமிழரும் இருந்தார்கள், முஸ்லிம்களும் இருந்தார்கள்.

"இயக்கம் பிடிச்சுக்கொண்டு போன ஆக்களும் இதுக்குள்ளே வருவினமா?"

இந்தக் கேள்வியை மெல்லிய குரலில்தான் கேட்பார்கள். உரத்தே பதில் சொல்கிறேன். வருவார்கள். 1990 ஜூனில் கிழக்கில் புலிகளிடம் சரணடைந்த நூற்றுக்கணக்கான பொலிஸ்காரர்கள் கொல்லப்பட்டார்கள். அதே வருடம் ஜூலையில் குருக்கள்மடத்தில் வழிமறித்துக் கொண்டுபோகப்பட்ட முஸ்லிம்களின் குடும்பங்கள் அந்த மண்ணைத் தோண்டச் சொல்லி இன்றும் கேட்கின்றன. மாற்று இயக்கத்தவர், விமர்சித்தவர், "விசாரணைக்கு" என்று கூட்டிப்போய்த் திரும்பாதவர் என்று எங்கள் ஊர்களிலேயே குடும்பங்கள் இருக்கின்றன. கடைசிக் காலத்தில் வீட்டுக்கு ஒருவர் என்று கட்டாயமாகச் சேர்க்கப்பட்ட பிள்ளை சரணடைந்த பிறகு காணாமல் ஆக்கப்பட்டது என்றால், அந்தத் தாய் இரண்டு தரப்பிடமும் பிள்ளையைப் பறிகொடுத்தவர்.

சட்டச் சொல்லில் "வலிந்து காணாமல் ஆக்கப்படுதல்" அரசின் கையைக் குறிப்பது. ஆனால் காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகத்தை அமைத்த இலங்கையின் 2016ஆம் ஆண்டுச் சட்டம் மோதலில் காணாமற்போன எல்லோரையும் தேடச் சொல்கிறது, படையினர் உட்பட. எங்களுக்கு மட்டும் உண்மை வேண்டும், மற்றவருக்கு வேண்டாம் என்று கேட்க எனக்கு மனம் வராது.

"பதினாறு பதினேழு வருஷமாச்சு. செத்திருப்பினம் எண்டு அவைக்கே தெரியாதா?"

அம்மாமார் போராட்டம் நடத்தும் பந்தலில் ஒரு மணித்தியாலம் அவர்களோடு இருந்தால் இந்தக் கேள்வியை இப்படிக் கேட்க மாட்டீர்கள். செல்லில் செத்த பிள்ளையை அந்த அம்மா தன் கையாலே புதைத்திருக்கிறார். எது சாவு என்று அவருக்குத் தெரியும். அவர் தேடுவது உயிரோடு கண்ட பிள்ளையை. "ஒருநாள் இயக்கத்தில் இருந்திருந்தாலும் சரணடையுங்கள், பதிந்துவிட்டு விட்டுவிடுவோம்" என்று இராணுவம் ஒலிபெருக்கியில் சொன்னதை நம்பி, ஓமந்தையிலும் வட்டுவாகலிலும் பெற்றவர்களே பிள்ளைகளைக் கூட்டிப்போய் ஒப்படைத்தார்கள். அருட்தந்தை பிரான்சிஸ் ஜோசப் முன்னின்று ஒப்படைத்த குழுவில் போனவர்களும் திரும்பவில்லை, அவரும் திரும்பவில்லை. "நானேதான் கையாலே பிடிச்சுக் குடுத்தனான் தம்பி" என்று சொல்லும் தாயிடம், செத்திருப்பான் என்று ஒத்துக்கொள்ளச் சொல்வது என்றால், நீதான் சாகக் கொடுத்தாய் என்று ஒத்துக்கொள்ளச் சொல்வதுபோல.

இந்த நிலைக்கு முடிவு கிடையாது. அந்தியேட்டி இல்லை, முப்பத்தொண்டு இல்லை, திவசத்துக்கு நாள் இல்லை. மனைவி பொட்டு வைத்தால் ஒரு பேச்சு, அழித்தால் இன்னொரு பேச்சு. மகளின் கலியாண அழைப்பிதழில் தகப்பனின் பெயருக்கு முன்னால் "அமரர்" போடுவதா இல்லையா என்று அச்சகத்தில் நின்று அழுத ஒரு அக்காவை எனக்குத் தெரியும். ஓட்டை வீட்டை விட்டு மாறாத அம்மாமார் இருக்கிறார்கள், மகன் தேடிவந்தால் இந்த விலாசத்துக்குத்தானே வருவான் என்று. போன் நம்பரை மாற்றாதவர்கள் இருக்கிறார்கள். 2015 தேர்தல் துண்டுப்பிரசுரம் ஒன்றில் சீருடையோடு நின்ற பிள்ளைகளின் படத்தில் தன் மகளைக் கண்டதாக ஒரு தாய் சொன்னார், அந்தப் படத்தைத் தூக்கிக்கொண்டு எத்தனையோ வாசல் ஏறினார். நம்பிக்கைக்கு இடமில்லை என்று வெளியிலிருந்து சொல்வது சுலபம். அந்தப் பிள்ளை எங்கே என்று சொல்லவேண்டியவர்கள் சொல்லாதவரைக்கும் நம்பிக்கையை விடு என்று சொல்ல எவருக்கும் உரிமை இல்லை.

2020 ஜனவரியில் அப்போதைய ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ஷ ஐ.நா. பிரதிநிதியிடம், காணாமற்போனவர்கள் உண்மையில் இறந்துவிட்டார்கள் என்று சொன்னார். அம்மாமார் கேட்டது ஒன்றைத்தான். இறந்துவிட்டார்கள் என்று உங்களுக்குத் தெரியும் என்றால் எங்கே, எப்போது, யாருடைய கையில் என்றும் தெரிந்திருக்க வேண்டுமே? அதற்கு இன்னும் பதில் வரவில்லை.

"மரணச் சான்றிதழ் எடுத்தால் காணி, பாங்க் அலுவல் எல்லாம் லேசாகிவிடும்தானே?"

லேசாகும், ஆனால் வேறு வழியும் இருக்கிறது. காணாமற்போனவரின் பெயரில் காணி உறுதி இருக்கும், வங்கிக் கணக்கு இருக்கும். பிள்ளையின் படிவத்தில் தகப்பனின் கையெழுத்து கேட்பார்கள். 2010ஆம் ஆண்டுச் சட்டம் மரணச் சான்றிதழை மட்டும் நீட்டியது. பலர் வேறு வழியின்றி எடுத்தார்கள், எடுத்த நாளிலிருந்து மனம் உடைந்தும் போனார்கள். எனக்குத் தெரிந்த ஒரு அம்மா அதை வாங்கி வந்து சாமிப் படத்துக்குப் பின்னால் மறைத்து வைத்தார், மருமகளின் கண்ணில் படக்கூடாது என்று.

2016ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் காணாமற்போனமைச் சான்றிதழ் என்ற ஒன்றைக் கொண்டுவந்தது. பதிவாளர் நாயகம் திணைக்களம் வழங்கும் இந்தச் சான்றிதழ் அவர் இறந்தார் என்று சொல்லாது, இல்லை என்று மட்டும் சொல்லும். உதவித்தொகை, பிள்ளைகளின் அலுவல், சொத்தைத் தற்காலிகமாகப் பராமரிப்பது போன்றவற்றுக்கு இது பயன்படும். ஏற்கனவே மரணச் சான்றிதழ் எடுத்தவர்கள் அதை விட்டு இதற்கு மாறவும் சட்டத்தில் வழி உண்டு. நடைமுறையில், சில கவுண்டர்களில் இப்படி ஒன்று இருப்பதே தெரியாமல் திருப்பி அனுப்புகிறார்கள். போகும்போது சட்டத்தின் இலக்கத்தை ஒரு துண்டில் எழுதிக் கொண்டுபோங்கள்.

"சான்றிதழோ காசோ வாங்கினால் தேடுறதை விட்டாச்சு எண்டு அர்த்தமா?"

அர்த்தம் இல்லை. 2019 வரவுசெலவுத் திட்டத்தில் இந்தச் சான்றிதழ் உள்ள குடும்பத்துக்கு மாதம் 6,000 ரூபா இடைக்கால உதவி அறிவிக்கப்பட்டது. 2022 மார்ச்சில் அமைச்சரவை ஒருதடவைக் கொடுப்பனவாக ஒரு லட்சம் ரூபாவுக்கு அனுமதி கொடுத்தது. பந்தலில் இருந்த தாய்மார் பலர் அதை வெளிப்படையாக மறுத்தார்கள். "என்ரை பிள்ளையின்ரை விலை ஒரு லட்சமோ?" என்று கேட்டார்கள். அந்த மறுப்பை நான் மதிக்கிறேன்.

ஆனால் மூன்று பிள்ளைகளோடு கூலிவேலைக்குப் போகும் ஒரு பெண் அந்தக் காசை வாங்கினால் அவரைக் குறைவாகப் பேசாதீர்கள். இழப்பீடு பெறுவது பாதிக்கப்பட்டவரின் உரிமை, உண்மையை அறிவதும் உரிமை. ஒன்றைக் கொடுத்து இன்னொன்றைக் கழிக்க முடியாது. "இதை வாங்கிக்கொண்டு கோப்பை மூடுகிறோம்" என்ற மாதிரி ஒரு தாளில் கையெழுத்துக் கேட்டால் மட்டும் போடாதீர்கள். விளங்காத மொழியில் தாள் இருந்தால் வீட்டுக்குக் கொண்டுவந்து யாரிடமாவது வாசித்துக் கேளுங்கள்.

"ஓஎம்பிக்குப் போறதா விடுறதா? ஏன் அம்மாமார் அதை எதிர்க்கினம்?"

காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகத்தைத்தான் எல்லோரும் ஓஎம்பி என்கிறார்கள். சட்டம் 2016இல் வந்தது, ஆணையாளர்கள் 2018இல்தான் நியமிக்கப்பட்டார்கள். கொழும்போடு மாத்தறை, மன்னார், யாழ்ப்பாணம், மட்டக்களப்பு, கிளிநொச்சி ஆகிய இடங்களிலும் அலுவலகங்கள் திறந்தார்கள். அது தேடலாம், ஆவணம் கேட்கலாம், தடுப்பு இடங்களுக்குள் போய்ப் பார்க்கலாம். யாரையும் தண்டிக்க முடியாது. அதன் கண்டறிதல்களால் குற்றப்பொறுப்போ சிவில் பொறுப்போ எழாது என்று சட்டமே சொல்கிறது.

எதிர்ப்புக்கு அது ஒரு காரணம். களைப்பு இன்னொரு காரணம். தொண்ணூறுகளின் ஆணைக்குழுக்கள், 2010இல் கற்றுக்கொண்ட பாடங்கள் ஆணைக்குழு, அப்புறம் பரணகம, அப்புறம் இது. ஒவ்வொரு மேசையிலும் அதே கதையை முதலிலிருந்து சொல்லி அழுதிருக்கிறார்கள். 2017 பெப்ரவரி 20ஆம் திகதி கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலுக்கு முன்னால் தொடங்கிய போராட்டம் 3,000 நாட்களைத் தாண்டிவிட்டது. இத்தனைக்கும் ஓஎம்பி வழியாகத் தன் பிள்ளைக்கு என்ன நடந்தது என்று தெரிந்துகொண்ட ஒரு சரணடைந்தவரின் தாயைக்கூட நான் சந்தித்ததில்லை. அப்படியிருந்தும், போகலாமா என்று கேட்டால், எழுத்தில் பதிந்து வைப்பது நல்லது என்றே சொல்வேன். நம்பி அல்ல, பதிவுக்காக. போகமாட்டேன் என்று சொல்லும் அம்மாவை நான் வற்புறுத்துவதும் இல்லை.

"கோர்ட்டுக்குப் போனால் ஏதும் நடக்குமா?"

மிக மெதுவாக நடக்கும். 2009இல் சரணடைந்தவர்களுக்காக 2013இல் தாக்கல்செய்த ஆட்கொணர்வு மனுக்களில் வவுனியா மேல் நீதிமன்றம் 2022இல் குடும்பங்களுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. ஒன்பது வருடம் போயிருந்தது. இராணுவத்திடம் சரணடைந்தார்கள் என்பதை ஒரு நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது பெரிய விஷயம். ஆட்கள் வரவில்லை.

தண்டனை கிடைத்த வழக்குகளும் உண்டு, விரல்விட்டு எண்ணக்கூடியவை. மேலே சொன்ன எம்பிலிப்பிட்டிய மாணவர்கள் வழக்கில் 1999இல் பாடசாலை அதிபரும் இராணுவத்தினர் சிலரும் குற்றவாளிகளாகக் காணப்பட்டார்கள். யாழ்ப்பாணத்தில் 1996இல் மாணவி கிருஷாந்தியும், அவரைத் தேடிப்போன தாயும் தம்பியும் அயலவரும் கொல்லப்பட்ட வழக்கில் 1998 ஜூலையில் படையினருக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டது. செய்ய முடியாது என்பதில்லை, செய்யவில்லை.

"செம்மணியிலே எலும்புகள் எடுத்தாச்சே. டிஎன்ஏ பார்த்தால் யார் யார் எண்டு தெரிஞ்சுவிடும்தானே?"

யாழ்ப்பாணத்துக்குப் பக்கத்தில் இருக்கும் செம்மணியின் கதை அந்தக் கிருஷாந்தி வழக்கில்தான் தொடங்குகிறது. தீர்ப்பின்போது பேசச் சந்தர்ப்பம் கிடைத்த லான்ஸ் கோப்ரல் சோமரத்ன ராஜபக்ஷ, செம்மணியில் 300 முதல் 400 உடல்கள் புதைக்கப்பட்டிருக்கின்றன என்று மன்றில் சொன்னார். 1999இல் தோண்டி 15 எலும்புக்கூடுகளை எடுத்தார்கள், பிறகு அமைதி. 2025 பெப்ரவரியில் செம்மணியின் சித்துப்பாத்தி இந்து மயானத்தில் கட்டட வேலைக்கு வெட்டியபோது எலும்புகள் வெளிவந்தன. நீதவானின் உத்தரவில், பேராசிரியர் ராஜ் சோமதேவவின் தலைமையில் தோண்டத் தோண்ட 200க்கும் மேற்பட்டவர்களின் எலும்புகள் வந்தன. குழந்தைகளுடையவையும் இருந்தன. ஒரு நீலநிறப் புத்தகப்பை, ஒரு பால்போத்தல், விளையாட்டுப் பொருள்கள். அந்த ஓகஸ்டில் பொருட்களைப் பொதுமக்களின் பார்வைக்கு வைத்தார்கள். தன் பிள்ளையினுடையது எதுவும் அங்கே இருந்துவிடக்கூடாது என்று வேண்டிக்கொண்டே, இருக்கிறதா என்று குனிந்து பார்த்த முகங்களை மறக்க முடியாது.

டிஎன்ஏ தனியே நின்று பெயர் சொல்லாது. எலும்பிலிருந்து எடுப்பதை ஒப்பிட உறவினரின் இரத்தமோ உமிழ்நீரோ வேண்டும். காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்கள் எல்லாவற்றிடமிருந்தும் மாதிரி எடுத்துப் பாதுகாக்கும் ஒரு மரபணு வங்கி இந்த நாட்டில் இல்லை. தாய் தகப்பனின் மாதிரிதான் ஒப்பிட மிக உதவும், அவர்கள்தான் வருடாவருடம் இறந்துகொண்டிருக்கிறார்கள். என்னைக் கேட்டால், மற்ற எந்தக் கோரிக்கைக்கும் முன்னால் இதை வைப்பேன். இதற்கு அரசியல் தீர்வு வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை.

எல்லாக் குழியும் போர்க்குழி என்று அவசரப்படவும் கூடாது. மன்னாரில் சதொச என்ற அரசுக் கடையின் வளவில் 2018இல் 300க்கும் மேற்பட்ட எலும்புக்கூடுகள் எடுக்கப்பட்டன. அமெரிக்க ஆய்வகத்தின் காபன் பரிசோதனை 15 முதல் 17ஆம் நூற்றாண்டுக் காலத்தைக் காட்டியது. அந்த முடிவைக் குடும்பங்கள் எளிதில் ஏற்கவில்லை, கேள்விகளும் எழுந்தன. மாறாக, கொக்குத்தொடுவாயில் 2023–24இல் எடுத்த 52 பேருடைய எலும்புகளோடு இயக்கப் பெண் போராளிகளின் உடைகள் இருந்தன. ஒவ்வொரு குழியையும் அதனதன் சாட்சியத்தை வைத்துத்தான் பேச வேண்டும்.

"வேறே நாட்டிலே யாராவது இப்பிடித் தேடிக் கண்டுபிடிச்சிருக்கினமா?"

ஆர்ஜென்டினாவில் 1977 ஏப்ரல் 30ஆம் திகதி 14 தாய்மார் தலைநகரின் மே சதுக்கத்தில் கூடினார்கள். அங்கே சிறையில் பிறந்து வேறு குடும்பங்களுக்குக் கொடுக்கப்பட்ட குழந்தைகளைப் பாட்டிமார் தேடினார்கள். 1987இல் சட்டப்படி தேசிய மரபணு வங்கி அமைக்கப்பட்டது, 130க்கும் மேற்பட்ட பேரப்பிள்ளைகள் கண்டுபிடிக்கப்பட்டார்கள். மேலே வங்கி வங்கி என்று நான் சொன்னது இதை மனத்தில் வைத்துத்தான்.

எங்களுக்கு இன்னும் கிட்டத்தில் இருப்பது சைப்பிரஸ் என்று நினைக்கிறேன். தீவு, இரண்டு சமூகம், இரண்டு மொழி. 1963–64, 1974 மோதல்களில் காணாமற்போன 2,002 பேரின் பட்டியல் இருக்கிறது, 1,510 கிரேக்கர், 492 துருக்கியர். குழு 1981இலேயே அமைந்தாலும் 2006இல்தான் ஒழுங்காகத் தோண்டத் தொடங்கியது. இரு சமூகத்து இளம் விஞ்ஞானிகளும் ஒரே ஆய்வகத்தில் ஒரே மேசையில் எலும்புகளை அடுக்குகிறார்கள். 1,000க்கும் மேற்பட்டவர்கள் அடையாளம் காணப்பட்டுக் குடும்பத்திடம் ஒப்படைக்கப்பட்டார்கள். தீவு இன்னும் பிரிந்தேதான் கிடக்கிறது, இந்த வேலை அதற்காக நிற்கவில்லை.

"உண்மையும் வேணும், தண்டனையும் வேணும் எண்டால் ஒருத்தரும் வாய் திறக்கமாட்டினம். ஒண்டை விட்டால் என்ன?"

எனக்கு மிகவும் கஷ்டமான கேள்வி இதுதான். சைப்பிரஸ் குழு யார் கொன்றார் என்று விசாரிப்பதில்லை. வட அயர்லாந்தில் ஆயுதக்குழுக்கள் கொன்று மறைத்தவர்களைத் தேட 1999இல் ஒரு ஆணைக்குழு வந்தது. அங்கே கொடுக்கும் தகவலை நீதிமன்றத்தில் சாட்சியமாகப் பயன்படுத்த முடியாது. பட்டியலில் இருந்த 17 பேரில் 13 பேரின் உடல் கிடைத்தது. ஆகவே, அந்த வழியில் உடல் கிடைக்கும் என்பது உண்மை.

ஆனால் அங்கே மறைத்தவர்கள் ஆயுதக்குழுவினர், எண்ணிக்கையும் குறைவு. இங்கே ஆளைப் பொறுப்பெடுத்தது ஒரு அரசின் படை. படைக்கு முகாம் இருந்தது, கட்டளை வரிசை இருந்தது, யாரை எந்த பஸ்ஸில் ஏற்றினார்கள் என்று எழுதிய கொப்பி இருந்தது. மன்னிப்புக் கொடுத்தால்தான் பேசுவேன் என்று ஒரு அரசு தன் குடிமக்களோடு பேரம் பேச முடியாது. உடலைத் தேடும் வேலையை வழக்குக்காகக் காக்கவைக்காமல் உடனே செய்ய வேண்டும், வழக்கை உடலுக்காகக் கைவிடவும் கூடாது என்பது என் நிலைப்பாடு. அம்மாமாருக்குள்ளேயே இதில் இரண்டு கருத்து உண்டு. "ஆரையும் தூக்கிலே போடவேண்டாம், பிள்ளையைக் காட்டினால் போதும்" என்று சொன்னவரும் இருக்கிறார், பக்கத்தில் இருந்தவர் அதைக் கேட்டுக் கோபித்து எழும்பிப் போனதும் நடந்திருக்கிறது. இரண்டு பேரும் சரி. முடிவெடுக்க வேண்டியவர்கள் அவர்களே, நாங்கள் அல்ல.

"பழசைக் கிளறினால் திரும்பச் சண்டை வராதா? நாடு இப்பத்தானே அமைதியாக இருக்கு?"

நேர்மாறாகத்தான் நடந்திருக்கிறது. 1987–90இல் தெற்கில் இளைஞர்களைக் கொண்டுபோன முறையைப் பாருங்கள். இலக்கத் தகடு இல்லாத வாகனம், பதிவில்லாத தடுப்பு, தெரியாது என்ற பதில். 2006இலிருந்து கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் வெள்ளை வான் ஓடிய முறை அதுவேதான். முதல் தடவை கிளறாமல் விட்டதால் இரண்டாம் தடவை செய்தவர்களுக்குப் பயம் இருக்கவில்லை. ரத்தொலுவையில் நிற்கும் சிங்களத் தாய்க்கு முப்பத்தைந்து வருடத்துக்கு முன்னாலேயே பதில் கிடைத்திருந்தால், கிளிநொச்சித் தாய்க்குப் பந்தல் தேவைப்பட்டிருக்காது.

துவக்குச் சத்தம் இல்லை என்பது உண்மை. ஆனால் பந்தலுக்கு முன்னால் புலனாய்வுக்காரர் நின்று படம் எடுக்கும்போது, முறைப்பாடு கொடுத்த வீட்டுக்கு இரவில் போய் விசாரிக்கும்போது, அந்தக் குடும்பத்துக்கு அது அமைதியாகத் தெரியாது.

"இந்த அம்மாமார் காலம் முடிஞ்சால் பிரச்சினையும் முடிஞ்சுவிடுமே?"

அதற்காகத்தான் காலம் கடத்துகிறார்கள் என்று அம்மாமாரே சொல்கிறார்கள். ஸ்பெயினைப் பாருங்கள். அங்கே உள்நாட்டுப் போர் 1939இல் முடிந்தது. 2000ஆம் ஆண்டுக்குப் பிறகு, பேரப்பிள்ளைகள் முன்னின்று தோண்டத் தொடங்கி, தாத்தாமாரின் எலும்புகளை இன்னும் எடுக்கிறார்கள். சட்டமும் இதைத் தொடர்ந்து நடக்கும் குற்றமாகவே பார்க்கிறது. முதல் பதிலில் சொன்ன அந்த மறுப்பு நீடிக்கும்வரை குற்றமும் நீடிக்கிறது.

"நான் வெளிநாட்டிலே இருக்கிறன். என்னாலே என்ன செய்ய ஏலும்?"

உங்கள் குடும்பத்திலேயே யாராவது இருப்பார். முதலில் அம்மம்மாவை, பெரியம்மாவை இருத்தி எழுதிக்கொள்ளுங்கள். முழுப்பெயர், வீட்டில் கூப்பிட்ட பெயர், பிறந்த திகதி, அடையாள அட்டை இலக்கம். கடைசியாகக் கண்ட இடம், நாள், நேரம், கூட நின்றவர்கள். என்ன வாகனம், என்ன சீருடை, யார் பேசினார், எந்த மொழியில். பிறகு உடம்பைப் பற்றிக் கேளுங்கள். எந்தப் பல் கழற்றியது, கை கால் எப்போதாவது முறிந்ததா, உடம்பில் செல்துண்டு இருந்ததா, உயரம் எவ்வளவு. இவை எலும்பில் நிற்கும். சட்டை என்ன நிறம், யார் தைத்தது, கழுத்தில் கையில் என்ன கிடந்தது. மற்றதெல்லாம் மறந்த அம்மாமாருக்கும் சட்டையின் நிறம் மறக்காது.

இதுவரை எங்கெங்கே முறைப்பாடு கொடுத்தார், அங்கே கொடுத்த பற்றுத் துண்டின் இலக்கம் என்ன என்று வரிசையாகப் போடுங்கள். துண்டுகள் ஈரத்தில் அழிகின்றன, படமெடுத்து இரண்டு இடத்தில் வையுங்கள், அசலை யாரிடமும் கொடுக்காதீர்கள். பெற்றவர் வெளிநாட்டில் உங்களோடு இருந்தால், மரபணு மாதிரியைப் பாதுகாக்க அங்கே என்ன வழி இருக்கிறது என்று இப்போதே விசாரியுங்கள். ஒரே நாளில் எல்லாவற்றையும் கேட்காதீர்கள். அவருக்குக் களைத்தால் தேத்தண்ணி போட்டுக்கொடுத்து நாளைக்குக் கேளுங்கள். எழுதி முடித்ததும் ஒருதடவை உரத்து வாசித்துக் காட்டுங்கள், பிழை இருக்கும் இடத்தை அவரே நிறுத்தித் திருத்துவார்.